ஒளிக்கட்டு: வண்ண ஒளியால் காலத்தை நிலைநிறுத்தும் வித்தைக்கு எல்லை எது?

மேங்கோப்பு எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நாம் சேர்ந்து எழுதிவரும் தொடர்கதையின் ஏழாம் அத்தியாயம் மூன்று வாரங்களாக ஓரிடத்திலேயே நிற்கிறது. ஒளிக்கட்டு என்னும் வித்தையை நாம் இன்னும் சரியாக வரையறுக்காததே அதற்குக் காரணம் என்று நினைப்பதால், அதைப் பற்றி மட்டும் பேச இந்த இழையைத் தொடங்குகிறேன்.

புதிதாக வருபவர்களுக்காகச் சுருக்கம்: கதை 1910களில், செட்டிநாட்டின் கிழக்குப் பார்த்த வீடு ஒன்றில் நடக்கிறது. கணவர் ரங்கூனுக்குக் கொண்டுவிக்கப் (தொழில் செய்யப்) போயிருக்கிறார். மூன்று வருடக் கணக்கு. கடல் கடந்தவரின் காலமும் வீட்டின் காலமும் மெல்ல மெல்ல விலகத் தொடங்குகின்றன. விலகல் முற்றினால், திரும்பி வருபவர் தமக்கு உரியதல்லாத வேறொரு காலத்து வீட்டுக்குள் நுழைந்துவிடுவார். அதைத் தடுக்க, வீட்டிலிருக்கும் அவர் மனைவி (ஆச்சி என்றே அழைக்கிறோம்), முகப்பு வாசல் நிலைக்கு மேலே அரைவட்டமாகப் பதித்த வண்ணக் கண்ணாடிகள் வழியே விழும் காலை ஒளியைக் கொண்டு காலத்தை நிலைநிறுத்துகிறார். நீலம் காலத்தை மெதுவாக்கும், சிவப்பு விரைவாக்கும், பச்சை பிடித்து நிறுத்தும் என்பது நாம் முதலில் வைத்துக்கொண்ட விதி.

வித்தை அளவுக்கு மீறி வலுவாகிவிட்டதுதான் சிக்கல். ஆறாம் அத்தியாயத்தில் அடுப்பில் பொங்கிவந்த பாலை ஆச்சி பச்சை ஒளியால் அப்படியே நிற்கவைத்தார். அதைப் படித்த ஒருவர், பாலை நிறுத்த முடிந்தவர் மூன்று வருடத்தையும் நிறுத்திவிடலாமே, பிறகு அவருக்கு என்ன கவலை என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. வித்தையின் எல்லை எது, அதற்கு யார் என்ன விலை கொடுக்கிறார்கள் என்ற இரண்டையும் தீர்மானிக்காமல் இனி ஒரு வரியும் எழுதக் கூடாது என்று முடிவு செய்திருக்கிறேன்.

நாழிகை வட்டில் எழுதியது:

காரைக்குடியில் நெடுங்காலம் இயற்பியல் கற்பித்தவன் என்ற முறையில் ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். காலத்தை நிறுத்துவதும் நிலைநிறுத்துவதும் ஒன்றல்ல. சுவர்க்கடிகாரத்தின் ஊசலைக் கையால் பிடித்தால் கடிகாரம் நின்றுவிடும்; அதனால் காலம் நிலைபெற்றது என்று யாரும் சொல்லமாட்டோம். ஊசல் ஒவ்வொரு முறையும் ஒரே அளவில் ஆடுமாறு செய்வதே நிலைநிறுத்தல். ஆறாம் அத்தியாயத்தின் பால் நிற்கிறதே தவிர நிலைபெறவில்லை. அந்தக் காட்சியை நீக்கிவிடுவது நல்லது.

வண்ண ஒளியால் காலத்தை நிலைநிறுத்துவது கற்பனைக்கு மட்டும் உரியது என்றும் எண்ண வேண்டாம். 1967 முதல் ஒரு நொடி என்பது சீசியம் அணுவின் குறிப்பிட்ட கதிர்வீச்சு 9,192,631,770 முறை அதிர ஆகும் நேரம் என்று வரையறுக்கப்பட்டிருக்கிறது. அதைவிடத் துல்லியமான கடிகாரங்கள் இன்று ஒளியைக் கொண்டே இயங்குகின்றன. அவற்றுள் ஒன்று ஸ்ட்ரான்சியம் அணுவைப் பயன்படுத்துகிறது. தீபாவளி மத்தாப்பில் சிவப்பு நிறம் தருவது இந்த ஸ்ட்ரான்சியம்தான். அணுக்கள் வெப்பத்தால் அங்குமிங்கும் பாய்ந்துகொண்டிருந்தால் அவற்றின் துடிப்பை எண்ண முடியாது என்பதால், முதலில் 461 நானோமீட்டர் அலைநீளமுள்ள நீல ஒளியை எல்லாப் பக்கமிருந்தும் பாய்ச்சி அவற்றின் வேகத்தைக் குறைக்கிறார்கள். பிறகு 689 நானோமீட்டர் சிவப்பு ஒளியால் இன்னும் நுட்பமாக அடக்குகிறார்கள். அதன்பின் 698 நானோமீட்டரில் உள்ள மற்றொரு சிவப்பு ஒளியின் துடிப்பை எண்ணுகிறார்கள். அந்தத் துடிப்பு நொடிக்கு ஏறத்தாழ 4.29 கோடி கோடி முறை நிகழ்கிறது.

இதில் என் மனத்தை இன்றும் தொடுவது மற்றொரு செய்தி. அடங்கிய அணுக்களை ஓரிடத்தில் தாங்கிப் பிடிக்கவும் ஒளியே தேவைப்படுகிறது. ஆனால் தாங்கும் ஒளியே அணுவின் துடிப்பைச் சற்று மாற்றிவிடும். ஹிதெதோஷி கதோரி என்னும் ஜப்பானிய இயற்பியலாளர், அணுவைத் தாங்கும்போதே அதன் துடிப்பைக் கெடுக்காத ஒரு தனி அலைநீளம் உண்டு என்று 2001ஆம் ஆண்டையொட்டிக் காட்டினார். ஸ்ட்ரான்சியத்துக்கு அது சுமார் 813 நானோமீட்டர். கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு. அறிவியலாளர்களே அதற்கு மாய அலைநீளம் என்றுதான் பெயர் வைத்திருக்கிறார்கள்.

எனவே என் பரிந்துரை இது. ஒளி காலத்தைத் தொடுவதில்லை, காலத்தை எண்ணுவதைத்தான் அமைதிப்படுத்துகிறது என்று விதியை மாற்றுங்கள். முதலில் நீலம், பிறகு சிவப்பு என்ற வரிசையும் இருக்கட்டும்.

திசைக்கட்டு எழுதியது:

ஐயா சொல்வதை மதிக்கிறேன். ஆயினும் ஆய்வகத்தை அப்படியே வளவுக்குள் (வீட்டின் உள்முற்றப் பகுதிக்குள்) கொண்டுவந்தால் மந்திரம் மந்திரமாக இராது. நம் மரபில் கட்டு என்ற சொல்லுக்கே தனிப் பொருள் உண்டு. திசைக்கட்டு, உடற்கட்டு என்று சொல்லும்போது ஓர் எல்லையை வகுத்து, அதற்குள் ஒன்று புகாமலும் அதிலிருந்து ஒன்று வெளியேறாமலும் காப்பதையே குறிக்கிறோம். கட்டியவரே அவிழ்க்கவும் வேண்டும். அவிழ்க்காமல் விட்ட கட்டு கட்டியவர் மேலேயே திரும்பும் என்பது நம்பிக்கை. வீட்டின் பகுதிகளையும் முதற்கட்டு, இரண்டாங்கட்டு என்றே அழைக்கிறோம். நம் விதி இங்கிருந்து பிறந்தால் நன்றாயிருக்கும். மற்றொன்று, உதயத்தின் ஒளி சிவப்பாகவே வருகிறது. நீலம் முதலில் எப்படிக் கிடைக்கும்?

பட்டாலை எழுதியது:

நான் கானாடுகாத்தான் பக்கத்து வீடொன்றில் பிறந்து வளர்ந்தவள். கதையில் வரும் ஆச்சியைப் போலவே என் அப்பத்தாவும் தம் வாழ்வின் பெரும்பகுதியைக் கடல் கடந்தவருக்காகக் காத்திருந்து கழித்தவர்கள். ஆகவே இந்த வித்தை எனக்கு வெறும் கற்பனையாகப் படவில்லை. எழுதுபவர்கள் வீட்டின் வெளிச்சத்தை ஒருமுறை நின்று பார்த்துவிட்டு எழுத வேண்டும் என்று உரிமையோடு கேட்டுக்கொள்கிறேன்.

கதையில் எந்த நாளும், எந்த நேரமும், எந்த அறையிலும் வண்ண ஒளி விழுகிறது. அப்படி விழாது. நம் பெரிய வீடுகள் கிழக்கு மேற்காக நீண்டு, முகப்பு வாசலில் நின்று பார்த்தால் வளவைக் கடந்து பின்கட்டு வாசல்வரை ஒரே நேர்கோட்டில் தெரியுமாறு கட்டப்பட்டவை. சூரியனோ ஆண்டு முழுவதும் நேர்கிழக்கில் உதிப்பதில்லை. ஆனியில் வடகிழக்கே ஒதுங்கியும் மார்கழியில் தென்கிழக்கே ஒதுங்கியும் உதிக்கும். அந்த மாதங்களில் முகப்புக் கண்ணாடியின் நிறம் பட்டாலைக் கூடத்துச் சுவரில் சாய்வாக ஏறி அங்கேயே மறைந்துவிடும். பங்குனியிலும் புரட்டாசியிலும் சில காலைகளில் மட்டும் அது நிலைகளை ஒவ்வொன்றாகக் கடந்து, வீட்டின் நடுவே ஒரு பாதைபோல நீண்டு உள்ளே போகும். சிறுமியாக இருந்தபோது அந்தப் பாதையில் மிதித்து நடக்கக் கூடாது என்று எங்களைத் தடுப்பார்கள். காரணம் சொல்லமாட்டார்கள்.

இன்னொன்றும் சொல்கிறேன். அரைவட்டத்தின் ஓரத்தில் நிறமில்லாத கண்ணாடி என்று எல்லாரும் நினைத்திருந்த இரண்டு துண்டுகள், இப்போது மெல்லிய கத்தரிப்பூ நிறமாக இருக்கின்றன. யாரும் சாயம் பூசவில்லை. வீட்டின் உட்புற அலமாரியில் இருக்கும் அதே வயதுடைய கண்ணாடி இன்றும் தெளிவாகத்தான் இருக்கிறது.

நாழிகை வட்டில் எழுதியது:

பட்டாலை ஆச்சி பார்த்தது முற்றிலும் உண்மை. அதற்குக் காரணமும் உண்டு. மணலில் கலந்துள்ள இரும்பு கண்ணாடிக்குப் பச்சைச் சாயலைத் தரும். அதை நீக்க அக்காலத்தில் மாங்கனீசு சேர்த்தார்கள். அப்படிப்பட்ட கண்ணாடி பல ஆண்டுகள் வெயிலில் இருந்தால், சூரியனின் புற ஊதாக் கதிர் மாங்கனீசின் நிலையை மாற்ற, கண்ணாடி சிறிது சிறிதாக ஊதா நிறம் கொள்ளும். நீலத் துண்டுக்குக் கோபால்ட்டும் பச்சைக்கு இரும்போ குரோமியமோ நிறம் தருகின்றன. அந்த நிறங்கள் உலோகத்தோடு உருகிக் கலந்தவை என்பதால் எளிதில் மங்குவதில்லை. தெளிந்த கண்ணாடி மட்டுமே தன்மேல் விழுந்த வெயிலைக் கணக்கு வைத்துக்கொள்கிறது.

தம்பி திசைக்கட்டு கேட்டதற்கும் பதில் உண்டு. சூரியன் தலைகாட்டும்போது அதன் நேரொளி காற்றுமண்டலத்தில் நெடுந்தூரம் கடந்து வருவதால் நீலம் சிதறிப்போய், சிவப்பே மிஞ்சுகிறது. ஆனால் அதற்கு முன்பே, விடிவதற்குச் சற்று முன், வானம் முழுவதும் ஆழ்ந்த நீலமாக இருக்கிறது. அந்த ஒளிக்குத் திசையில்லை; நிழலும் விழாது. ஆகவே ஆச்சி விடியலின் வான்நீலத்தில் முதலில் அமர்ந்து தம்மை அடக்கிக்கொள்கிறார், உதயத்துக்குப் பின் சிவப்பு வருகிறது என்று வைத்தால், வரிசை மாறவே வேண்டியதில்லை.

ஐந்தொகை எழுதியது:

விலை என்ன என்ற கேள்வியை நான் எடுத்துக்கொள்கிறேன். ரங்கூன் மொகல் தெருவில் பெட்டியடியில் உட்கார்ந்து கணக்கெழுதிய தலைமுறையின் கதை இது. வரவு இருந்தால் பற்று இருக்க வேண்டும். இல்லாவிட்டால் ஐந்தொகை (இருப்புக் கணக்கு) ஒத்து வராது. காலத்தை வைத்துக்கொள்கிறவர் அதை எங்கிருந்தோ கடனாக வாங்குகிறார் என்றே நான் கொள்கிறேன்.

அசல் எவ்வளவு என்று கணக்கிட்டேன். காரைக்குடி கிழக்கு நெடுவரை (தீர்க்கரேகை) 78.8 பாகையை ஒட்டியும், ரங்கூன் 96.2 பாகையை ஒட்டியும் இருக்கின்றன. வேறுபாடு 17.4 பாகை. பூமி ஒரு பாகை சுழல 4 நிமிடம் ஆகும் என்பதால், அங்கே சூரியன் உச்சிக்கு வந்து 69.6 நிமிடம் கழித்தே இங்கே வருகிறது. ஒரு நாழிகை 24 நிமிடம் என்ற நம் பழைய கணக்கில் இது 2.9 நாழிகை. இந்த விலகலைத்தான் கதை பேசுகிறது என்றால், நாள்தோறும் ஏறத்தாழ மூன்று நாழிகையை ஆச்சி கடன் வாங்குகிறார். மூன்று வருடத்தின் 1,095 நாளுக்கு அது கிட்டத்தட்ட 53 நாள். ஒரு மண்டலத்துக்கும் மேல். இது அசல் மட்டுமே, வட்டி தனி. கணவர் திரும்பி வரும் நாளில் ஆச்சியின் ஆயுளிலிருந்து அது கழிய வேண்டும். கதைக்கு இதைவிடக் கூர்மையான முடிவு கிடைக்காது.

மேங்கோப்பு எழுதியது:

இந்தக் கணக்கு என்னை அசைத்துவிட்டது. ஆனாலும் நான் இதை ஏற்கமாட்டேன். காத்திருந்த பெண்ணே கடனையும் அடைக்க வேண்டும் என்று எழுத என் கை வரவில்லை. மூன்று வருடம் தனியாக வீட்டைக் காத்து, பிள்ளையை வளர்த்து, பங்காளி வீட்டு நல்லது கெட்டதுகளுக்குப் போய் வந்தவருக்கு, இறுதியில் ஆயுளும் குறைகிறது என்று எழுதினால், அது விலை ஆகாது, தண்டனை. விலை வேண்டும் என்பதை மறுக்கவில்லை. அது அந்த வீட்டிலும் அந்தத் தெருவிலும் வாழ்கிறவர்களுக்குப் புரியும் விலையாக இருக்க வேண்டும்.

பூக்கல் எழுதியது:

ஆத்தங்குடித் தரைக்கல் செய்யும் குடும்பத்தைச் சேர்ந்தவன் நான். ஒளி எதன்மேல் விழுகிறது என்பதை யாரும் பேசவில்லை என்பதால் எழுதுகிறேன்.

வண்ண ஒளிக்குத் தரையும் சம்மதிக்க வேண்டும். பச்சைப் பூவின்மேல் சிவப்பு ஒளி விழுந்தால் அந்தப் பூ கறுத்துப்போகும். சிவப்புக் கல்லின்மேல் நீலம் விழுந்தாலும் அப்படியே. வெள்ளைக் கல்லில்தான் எந்த ஒளியும் தன் நிறத்தில் நிற்கும். கதையில் ஆச்சி கோலம் போட்டதுபோன்ற பூக்கல் தரையில் நின்று வித்தை செய்கிறார். அங்கே பாதி நிறம் தரைக்குள் மாண்டுபோகும். அவருக்கு ஒரு வெள்ளைக் கல் வேண்டும்.

எங்கள் தொழிலிலிருந்து இன்னொன்றையும் எடுத்துக்கொள்ளலாம் என்று தோன்றுகிறது. கல்லின் முகத்தை நாங்கள் மெருகு போட்டு உண்டாக்குவதில்லை. கண்ணாடித் தகட்டின்மேல் அச்சை வைத்து, வண்ணச் சிமெண்டுக் குழம்பை ஒவ்வொரு கட்டத்திலும் ஊற்றி, அச்சைத் தூக்கிவிட்டு, மேலே உலர்ந்த மணலும் சிமெண்டும் தூவி, பிறகு கலவை போட்டு மட்டம் செய்கிறோம். கண்ணாடியின் வழவழப்பையே கல் தன் முகமாக ஏற்றுக்கொள்கிறது. அதன்பின் தண்ணீரில் ஊறவைக்க வேண்டும். அந்த நாட்களைக் குறைக்க எந்த வழியும் இல்லை. அவசரப்பட்டால் கல் பிறகு வெடிக்கும். ஒளிக்கட்டும் அப்படிப்பட்டதாக, ஒருமுறை விழுந்தவுடன் பலிக்காமல், பல காலைகள் ஊறிய பின்பே பிடிப்பதாக இருக்கலாம்.

நாழிகை வட்டில் எழுதியது:

நேற்றிரவு முழுவதும் தாளும் பென்சிலுமாக இருந்தேன். ஐந்தொகை தந்த கணக்கும் பட்டாலை ஆச்சி சொன்ன ஒளிப்பாதையும் ஓரிடத்தில் சந்திக்கின்றன. பொறுமையாகப் படிக்குமாறு வேண்டுகிறேன்.

முகப்புக் கண்ணாடி தரையிலிருந்து 10 அடி உயரத்தில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். ஒரு நாழிகையில் பூமி 6 பாகை சுழல்கிறது. நாம் பூமத்தியரேகைக்கு வடக்கே வெறும் 10 பாகையில் இருப்பதால், பகலும் இரவும் ஒரே அளவாகும் சம இரவு நாளையொட்டி சூரியன் ஏறத்தாழ நேராகவே மேலேறும். உதயமாகி ஒரு நாழிகை ஆனதும் அது 6 பாகை உயரத்தில் நிற்க, கண்ணாடியின் நிறம் வாசலிலிருந்து சுமார் 95 அடி உள்ளே விழுகிறது. இரண்டு நாழிகையில் 47 அடிக்கு வந்துவிடுகிறது. மூன்றாம் நாழிகை முடிவில் 31 அடி. அதாவது ஒளி வீட்டின் பின்பக்கத்தில் தொடங்கி, வாசலை நோக்கிப் பின்வாங்கி நடந்து வருகிறது. பட்டாலை ஆச்சியின் வீட்டில் அந்தப் பாதையை மிதிக்க விடாததற்கு உண்மையான காரணம் எதுவாயினும், நம் கதைக்கு இதைவிட நல்ல காரணம் வேண்டியதில்லை.

அடுத்தது நிறங்களின் கலப்பு. சூரியன் ஒரு புள்ளியாக இல்லாமல் வட்டமாக இருப்பதால், கண்ணாடித் துண்டின் விளிம்பு தரையில் மங்கலாகவே விழும். அந்த மங்கல் தொலைவில் ஏறத்தாழ 108இல் ஒரு பங்கு. சூரியன் தன் விட்டத்தைப்போல் ஏறத்தாழ 108 மடங்கு தொலைவில் இருப்பதே அதற்குக் காரணம். 95 அடியில் மங்கல் பத்து அங்குலத்துக்கு மேல். அரை அடி அகலமுள்ள துண்டுகளின் நிறங்கள் அங்கே ஒன்றோடொன்று கலந்துவிடும். சாயங்கள் கலந்தால் கறுக்கும். ஒளிகள் கலந்தால் வெளுக்கும். ஆகவே பின்கட்டில் நிறமற்ற வெளிச்சமாகத் தொடங்குவது, முன்னே வர வர நீலமும் பச்சையும் சிவப்புமாகப் பிரிந்து, 31 அடியில் மூன்றரை அங்குல மங்கலோடு தெளிந்து நிற்கிறது. கட்டு தானாகவே இறுகுகிறது.

இப்போது ரங்கூன். இங்கே உதயமாகும் நொடியில் அங்கே சூரியன் உதித்து 2.9 நாழிகை ஆகியிருக்கும். இங்கே மூன்றாம் நாழிகை முடியும்போது, வீட்டின் மேல் நிற்கும் சூரியன், நம் உதயத்தின்போது கணவருடைய கடைத்தெருவின் மேல் நின்ற அதே உயரத்தை ஏறத்தாழ அடைகிறது. ரங்கூன் நமக்கு வடக்கே இருப்பதால் பிற நாட்களில் இரண்டு ஊரின் பகற்பொழுதும் ஒத்திருக்காது. சம இரவு நாளையொட்டி மட்டுமே அங்கும் இங்கும் பகல் ஒரே அளவாகும். பட்டாலை ஆச்சி சொன்ன பங்குனி, புரட்டாசிக் காலைகளும் அவைதாம்.

ஆகவே ஒளிக்கட்டு காலத்தை நிறுத்துவதுமில்லை, கடன் வாங்குவதுமில்லை. கடல் கடந்த கணக்கையும் வீட்டுக் கணக்கையும் ஆண்டுக்கு இருமுறை ஒத்துப் பார்க்கிறது. நான் தேடிக்கொண்டிருந்த நிலைநிறுத்தல் இதுதான்.

ஒரு சிறு திருத்தம். சூரியன் சற்றுத் தெற்கே சாய்ந்தே ஏறும் என்பதால், பங்குனியில் சம இரவு நாளுக்கு இரண்டு மூன்று நாள் பிந்திய காலைகளும், புரட்டாசியில் இரண்டு மூன்று நாள் முந்திய காலைகளும் ஒளிப்பாதைக்கு இன்னும் பொருந்தும்.

பட்டாலை எழுதியது:

படித்துவிட்டுச் சிறிது நேரம் பேசாமல் இருந்தேன். என் அப்பத்தாவுக்கு இந்தக் கணக்கெல்லாம் தெரிந்திருக்காது. ஆனால் அந்தச் சில காலைகளில் அவர்கள் எங்கே நின்றிருந்தார்கள் என்பது என் கண்ணில் இருக்கிறது.

எழுதுபவர்கள் இரண்டு செய்திகளைக் கவனிக்க வேண்டும். எதிர்வரிசையில் இன்னொரு மாளிகை இருந்தால் உதயத்தின் தாழ்ந்த வெயில் முகப்புக்கு வரவே வராது. கதை வீட்டுக்குக் கிழக்கே ஓர் ஊருணி இருக்கட்டும். நம் ஊர்களில் அப்படி அமைந்த வீடுகள் உண்டு.

இரண்டாவது, விலை. முகப்புக் கதவைத் திறந்தால் வெளிச்சம் பட்டாலை முழுவதும் பரவி, நிறங்கள் வெளிறிவிடும். எனவே கட்டு நிலைக்க மூன்று நாழிகையும் கதவு மூடியே இருக்க வேண்டும். நம் பக்கத்தில் விடிந்தபின் தலைவாசலை மூடி வைப்பது என்றால் என்ன என்பதை விளக்க வேண்டியதில்லை. தெருவெல்லாம் வாசல் தெளித்துக் கோலம் போட்டிருக்கும்போது ஒரு வீடு மட்டும் சாத்தியிருந்தால், லட்சுமி வரும் நேரத்தில் கதவை அடைத்தவள் என்று மாமியார் சொல்லுவார். யாருக்கு என்ன ஆயிற்று என்று பங்காளி வீடுகளிலிருந்து ஆள் வரும். ரங்கூனிலிருந்து கெட்ட செய்தி வந்துவிட்டதோ என்று ஊர் பேசும். அந்தப் பேச்சை ஒவ்வொரு காலையும் தாங்கிக்கொண்டு, ஏன் மூடினேன் என்பதை ஒருவரிடமும் சொல்லாமல் இருப்பதைவிட ஒரு பெண்ணுக்குப் பெரிய விலை என்ன இருக்கிறது?

திசைக்கட்டு எழுதியது:

கட்டியவரே அவிழ்க்க வேண்டும் என்று நான் முன்பு சொன்னதற்கும் இது இடம் தருகிறது. ஆச்சி தம் கையால் தலைவாசலைத் திறப்பதே அவிழ்ப்பு. வேறு யாராவது பொறுக்காமல் முந்தித் திறந்துவிட்டால், அந்தக் காலை கணக்கில் சேராது. என் முதல் எதிர்ப்பைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன்.

ஐந்தொகை எழுதியது:

நானும் என் 53 நாளைத் திரும்பப் பெறுகிறேன். மேங்கோப்பு அவர்கள் கோபப்பட்டது நியாயம். கணக்கை மீண்டும் போட்டுப் பார்த்தேன். சம இரவையொட்டிச் சூரியன் உதிக்கும் இடம் நாளுக்கு ஏறத்தாழ 0.4 பாகை நகர்கிறது. நான்கடி அகல நிலைகளைக் கடந்து ஒளி 95 அடி போக வேண்டுமானால், ஒவ்வொரு முறையும் ஆறு காலைகளுக்கு மேல் கிடைக்காது. மூன்று வருடத்தில் ஆறு முறை. மொத்தம் 36 காலைகள். காலைக்கு மூன்று நாழிகை என்றால் 108 நாழிகை, அதாவது இரண்டு நாளுக்கும் சற்றுக் குறைவு. நான் எதையும் வளைக்கவில்லை. எண் தானாகவே அப்படி வந்து நிற்கிறது.

பேரேடும் கிடைத்துவிட்டது. பட்டாலை ஆச்சி வீட்டின் நிறமற்ற கண்ணாடி ஊதாவாக மாறியதுபோல, கதையிலும் ஒவ்வொரு காலையும் அந்தத் துண்டில் பதியட்டும். மூன்று வருடத்தில் கண்ணுக்குத் தெரியும் மாற்றம் வராது என்பதை அறிவேன். கதையின் கடைசித் தலைமுறையில், வீட்டைப் பிரித்து மரமும் கண்ணாடியும் விற்கிறபோது, ஒரு பேத்தி அதை வெயிலில் தூக்கிப் பார்க்கும் காட்சிக்கு அது உதவும்.

பூக்கல் எழுதியது:

31 அடியில் வெள்ளைக் கல் என்பதை நான் உறுதியாகப் பிடித்துக்கொள்கிறேன். வளவின் பூக்கல் வரிசையில் அந்த ஒரு கல் மட்டும் பூவில்லாமல் வெறுமையாக இருக்க வேண்டும். பார்ப்பவர்கள் கொத்தனார் தவறு செய்துவிட்டார் என்று நினைப்பார்கள். ஆச்சி கேட்டுப் போடச் சொன்னது என்று கல் செய்தவருக்கு மட்டும் தெரியும்.

நாழிகை வட்டில் எழுதியது:

ஒரே ஒரு சேர்க்கை. முன்பு நான் சொன்ன, தாங்கியும் கெடுக்காத கண்ணுக்குத் தெரியாத ஒளி காலை வெயிலிலும் இருக்கிறது. இரும்பு கலந்த பச்சைக் கண்ணாடி வெப்பக் கதிரில் ஒரு பகுதியைத் தடுத்துவிடும். கோபால்ட் நீலம் அகச்சிவப்பில் பெரும்பகுதியை விட்டுவிடும். பார்வைக்குக் குளிர்ந்த நீலமே தோலுக்குச் சூடாக இருக்கும். ஆச்சி கண்ணை மூடிக்கொண்டு, புறங்கையின் சூட்டைக் கொண்டே தாம் எந்த நிறத்தில் நிற்கிறோம் என்று அறியட்டும்.

மேங்கோப்பு எழுதியது:

அனைவருக்கும் என் மனமார்ந்த நன்றி. ஆறாம் அத்தியாயத்தின் பால் காட்சியை நீக்கிவிட்டேன். ஏழாம் அத்தியாயத்தின் தொடக்கத்தைக் கீழே இடுகிறேன். பிழை இருந்தால் இங்கேயே சொல்லுங்கள்.

"வானம் நீலமாக இருக்கும்போதே ஆச்சி எழுந்து குளித்துவிட்டு, விளக்கேற்றாமல் பட்டாலையில் அமர்ந்தார். நிழலில்லாத அந்த வெளிச்சம் தூண்களைச் சுற்றித் தண்ணீர்போல நின்றது. ஊருணிக்கரையில் முதல் வெயில் பட்டதும் தலைவாசலின் தாழ்ப்பாளை ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொண்டார். பின்கட்டு நிலையருகே வெளுத்த ஒளி ஒன்று தரையில் படிந்து, யாரோ பின்னோக்கி நடந்து வருவதைப்போல வாசலை நோக்கி மெல்ல வந்தது. வளவைத் தாண்டுவதற்குள் அது மூன்று நிறமாகப் பிரிந்தது. வெளியே மாமியார் யாரிடமோ பேசும் குரல் கேட்டது. கதவை யாரோ தட்டினார்கள். ஆச்சி பதில் சொல்லவில்லை. பூவில்லாத வெள்ளைக் கல்லின்மேல் போய் நின்று, கண்ணை மூடி, புறங்கையை நீட்டினார். பச்சை கடந்தது, அதில் சூடில்லை. பிறகு நீலம் வந்து, ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டதுபோலச் சூடாகக் கையில் நின்றது. கதவை மறுபடியும் தட்டினார்கள். அவர் மனத்துக்குள் எண்ணிக்கொண்டிருந்தார்; இன்னும் அரை நாழிகை இருந்தது."